"பூச்சி மருந்து" என்று கேட்டால்...

நம் கடைகளில் "பூச்சி மருந்து இருக்கிறதா?" என்று கேட்டு வருவோர் பலர். பயிருக்குத் தெளிப்பதும் பூச்சி மருந்துதான். ஆட்டுக்குப் புகட்டுவதும் பூச்சி மருந்துதான். முன்னது நஞ்சு. பெயர் மயக்கத்தில் கை மாறினால் ஆடும் பிழைக்காது, நம் கடையின் நற்பெயரும் பிழைக்காது.

பின்னதற்குச் சரியான பெயர் குடற்புழு நீக்க மருந்து. அல்பெண்டசோல், பென்பெண்டசோல் என்று "பெண்டசோல்" என முடிபவை ஒரே வகை. கம்பெனிக்கொரு வணிகப் பெயர் இருப்பதால் மருந்தும் வேறு என்று எண்ணலாகாது. பெயரை மாற்றி மாற்றி ஒரே வகையைக் கொடுத்தால் நாளடைவில் புழு அதற்கு அடங்காது. 1981-இல் விற்பனைக்கு வந்த ஐவர்மெக்டின் வேறு வகை. ஆகவே அட்டையில் பெரிய எழுத்தை விட்டுச் சிறிய எழுத்தில் உள்ள மருந்தின் பெயரையே பார்க்க வேண்டும்.

அல்பெண்டசோலைச் சினையின் தொடக்கத்தில் கொடுக்கலாகாது. அளவும் ஆட்டின் எடையைப் பொறுத்தது. இதைச் சொல்ல வேண்டியவர் கால்நடை மருத்துவரே, நாமல்ல.

1940-ஆம் ஆண்டு மருந்துச் சட்டப்படி இவற்றை விற்க உரிமம் வேண்டும். உரிமம் இல்லாத உறுப்பினர்கள் வாடிக்கையாளரைக் கால்நடை மருந்தகத்துக்கு அனுப்புவதே முறை. உரிமம் உள்ளவர்கள், "பயிருக்கா, ஆட்டுக்கா?" என்று ஒரு வார்த்தை கேட்டுவிட்டுப் பாட்டிலை எடுப்போம்.