தொலைகாண் கற்கள்

கண்ணுக்கெட்டாத தொலைவில் நிகழ்வனவற்றை இருந்த இடத்திலிருந்தே காணல் வேண்டும் என்னும் அவா பழங்கதைகள் பலவற்றில் வெளிப்பட்டுள்ளது. வியாச முனிவர் அருளிய ஞானக்கண்ணாற் சஞ்சயன் குருக்ஷேத்திரப் போரைக் கண்டு திருதராட்டிரனுக்கு உரைத்த வரலாற்றை யாவரும் அறிவர். அக்கண்ணை முனிவர் முதலில் திருதராட்டிரனுக்கே தர முன்வந்தார் என்பதும், சுற்றத்தார் மடிவதைக் காண ஒருப்படாது அவன் மறுத்தான் என்பதும் அத்துணைப் பரவலாக எடுத்துரைக்கப்படுவதில்லை. அவன் அஞ்சியது பொய்க்காட்சிக்கன்று, மெய்க்காட்சிக்கே. மெய்க்காட்சியும் காண்பானைக் கெடுக்கக்கூடும் என்னும் இக்கருத்து, நம் காலத்து ஆங்கிலப் புனைகதை ஒன்றில் ஒரு மாயக் கருவியின் வாயிலாக விரிவாக ஆராயப்பட்டிருக்கின்றது.

அக்கதை, ஒக்ஸ்போட் பல்கலைக்கழகத்தில் மொழிநூற் பேராசிரியராய் விளங்கிய ஜே. ஆர். ஆர். டோல்கீன் (1892–1973) இயற்றி, 1954, 1955ஆம் ஆண்டுகளில் மூன்று பாகங்களாக வெளிவந்த 'மோதிரங்களின் தலைவன்' என்பதாகும். அதில் வரும் கருவியின் பெயர் 'பலாந்தீர்'. டோல்கீன் தாமே படைத்த குவென்ய மொழியில் அச்சொல், தொலைவிலுள்ளதை நோக்குவது எனப் பொருள்படும். கதைக்கு வேண்டிய கருவியைப் படைத்ததோடு அமையாது, அதன் பெயருக்கு வேண்டிய மொழியையும் அவர் படைத்தமை மொழிநூலார்க்கே இயல்பான செயல்.

இக்கற்கள் கரிய பளிங்குபோன்ற உருண்டைகள். சிறியவை ஏறக்குறைய ஓரடி விட்டமுடையன. இவை இயங்கும் முறையை விளக்கி ஆசிரியர் எழுதிவைத்த குறிப்புக்கள், 1980இல் அவர் மைந்தர் கிறிஸ்தோபர் வெளியிட்ட 'முற்றுப்பெறாக் கதைகள்' என்னும் நூலில் உள்ளன. ஒவ்வொரு கல்லுக்கும் மாறாத மேல்முனையும் கீழ்முனையும் உண்டு. கீழ்முனை நிலத்தின் நடுவை நோக்குமாறு வைத்தாலன்றிச் சிறிய கல் பயன்படாது. மேற்றிசையைக் காண விரும்புவோன் கல்லின் கீழ்ப்பக்கத்தே நின்று அதனூடே நோக்குதல் வேண்டும். மலையும் மதிலும் அதன் பார்வையைத் தடுப்பதில்லை, இருளோ தடுக்கும். காட்சி தோன்றுமேயன்றி ஒலி கேளாது. ஆயினும், இரு கற்களை இருவர் ஒருங்கே நோக்கின், ஒருவர் எண்ணம் மற்றவர்க்குப் பேச்சுப்போலப் புலப்படும். கல்லை ஆளும் உரிமையுடையார்க்கு அது எளிதிற் பணியும். ஏனையோர்க்கு மிகுந்த மனவலி வேண்டும். மந்திரத்துக்கு இத்துணை வரம்புகளை விதித்தமையாலேயே இக்கருவி நம்பத்தக்கதாய் அமைகின்றது எனலாம்.

நூமெனோர் என்னும் தீவு கடலுள் மூழ்கியபோது எலெண்டில் என்பான் ஏழு கற்களைக் காத்துக் கொணர்ந்தான். மூன்று வடக்கே ஆர்னோரிலும், நான்கு தெற்கே கொண்டோரிலும் கோபுரங்களில் வைக்கப்பட்டன. பரந்த அரசைப் பிணைத்து நிற்பதே அவற்றின் தொழில். காலப்போக்கில் ஒன்று உள்நாட்டுப் போரில் ஆற்றில் வீழ்ந்தது. இரண்டு வடகடலில் மரக்கலத்தோடு ஆழ்ந்தன. ஒன்று மேற்குக் கடலை மாத்திரமே நோக்கிநின்றது. மினாஸ் இத்தில் என்னும் நகரம் வீழ்ந்தபோது அங்கிருந்த கல் கொடுங்கோலனாகிய சௌரன் கைப்பட்டது. அந்நாள்முதல் எஞ்சிய இரண்டனுள் எதனை நோக்குவோரும் அவன் பார்வைக்கு இலக்காகும் நிலை உண்டாயிற்று. ஓர்தாங்க் கோபுரத்துக் கல்லை நோக்கிய சருமான் என்னும் மந்திரவாதி அவ்வாறே அவன் வலையில் வீழ்ந்தான்.

ஈண்டு ஒன்று கவனிக்கத்தக்கது. இக்கற்கள் பொய்யுரைப்பதில்லை, சௌரனாலும் அவற்றைப் பொய்யுரைக்கச் செய்தல் இயலாது. எதனைக் காட்டுவது, எதனை மறைப்பது என்னும் தெரிவே அவன் கையில் உள்ளது. கதையின் சுவை யாதெனில், அவ்வஞ்சகனே முதலில் இவ்வாறு ஏமாறுதல். பிப்பின் என்னும் குறுமனிதன் ஆவல் மிகுதியாற் கல்லை நோக்க, அவனைக் கண்ட சௌரன், தான் தேடும் மோதிரமுடையான் சருமானிடம் சிறைப்பட்டான் எனக் கருதினான். பின்னர், எலெண்டிலின் வழித்தோன்றலாகிய அரகோர்ன் உரிமையோடு அக்கல்லைத் தன்வயப்படுத்தித் தன்னையும் புதுக்கப்பட்ட வாளையும் அவனுக்குக் காட்டினான். கண்டவை இரண்டும் மெய். கொண்ட முடிவுகளோ பிழை. அச்சத்தால் அவன் படையெடுப்பை விரைவுபடுத்தினான். மோதிரம் மெய்யாகவே தன் நாட்டெல்லையை அணுகியதை அறிந்திலன்.

கொண்டோரை ஆண்ட டெனத்தோரின் கதை இதனினும் கொடிது. அரசனில்லா நாட்டைக் காக்கும் முதல்வனாகிய அவன், மினாஸ் திரித் நகரக் கல்லைப் பயன்படுத்தும் உரிமையுடையவன், உள்ளத்திண்மையும் மிக்கவன். ஆதலாற் சருமானைப்போல அவன் பகைவனுக்கு அடிமையாகவில்லை. அடிமையாக்க இயலாதவனை வேறு வழியால் வெல்லலாம் என்பதைச் சௌரன் அறிவான். அவன் டெனத்தோருக்குக் காட்டியவை மொர்டோரின் பெரும்படைகள். அவை உள்ளவையே. திருதராட்டிரன் வேண்டாவென விலக்கிய காட்சியை இவன் தானே விரும்பி மீளமீள நோக்கினான். நோக்குந்தோறும் முதுமையும் அவநம்பிக்கையும் மிகுந்தன. நகரம் முற்றுகையிடப்பட்டு, மகன் பரமீர் புண்பட்டுக் கிடந்த வேளையிலே கரும்பாய் விரித்த மரக்கலங்கள் ஆற்றின்வழி ஏறிவருதலையும் அவன் அறிந்திருந்தான். அவை பகைவர் கலங்கள் என்பது உண்மையே. ஆனால், அரகோர்ன் அவற்றைக் கைப்பற்றித் துணைப்படையோடு நகரைக் காக்க வருகின்றான் என்பதை அவன் அறிந்திலன். எல்லாம் முடிந்தது எனத் துணிந்து, மகனையும் உடன்கொண்டு எரிபுக முயன்றான். மகன் மீட்கப்பட்டான், தந்தை கல்லை மார்போடு அணைத்தவாறே எரிந்தான். அன்றே அக்கலங்கள் துறையடைந்தன.

கல் எரியவில்லை. ஆயினும், அதன்பின் அதனை நோக்கியவர்கள், வேறொன்றின்மேற் பார்வையைத் திருப்பும் பெருவலி இல்லாதவராயின், தீயிற் கருகும் முதியவன் ஒருவனின் இரு கைகளையே கண்டனர்.