அனுமதி வேண்டிய நிலமும் அச்சாரம் கொடுத்த வணிகரும்

வியாபாரம் சற்றே தழைத்ததும் வணிகர் மனம் சொந்த இடத்தை நாடுகிறது. வாடகைக் கடையை விட்டுச் சொந்தக் கடைக்குப் போக வேண்டும், சரக்கு இறக்க ஒரு கிடங்கு கட்ட வேண்டும் என்று நிலம் பார்க்கிறோம். விலை பேசி, முன்பணம் கொடுத்து, கிரய உடன்படிக்கையும் எழுதிக்கொள்கிறோம். பிறகுதான் "இந்த இடத்தை விற்க அனுமதி வாங்க வேண்டும்" என்ற பேச்சு வருகிறது. இதற்கிடையில் நிலத்தின் விலை ஏறிவிட்டால் விற்பவர், "அனுமதி கிடைக்கவில்லை, உடன்படிக்கை செல்லாது, அச்சாரத்தைத் திருப்பி வாங்கிக்கொள்ளுங்கள்" என்கிறார். அப்படிச் சொல்ல அவருக்கு உரிமை உண்டா என்பதே இங்குள்ள கேள்வி.

எந்த நிலத்துக்கு அனுமதி வேண்டும்?

தமிழ்நாட்டில் சாதாரணப் பட்டா நிலத்தை, நில உச்சவரம்புக்கு உட்பட்டு, விவசாயி அல்லாதவரும் வாங்கலாம். ஆனால் சில வகை இடங்கள் அப்படியல்ல.

கோயில் நிலத்தை விற்கவும், ஐந்தாண்டுக்கு மேல் குத்தகைக்கு விடவும் 1959ஆம் ஆண்டு இந்து சமய அறநிலையச் சட்டத்தின் 34ஆம் பிரிவுப்படி ஆணையரின் அனுமதி வேண்டும். அது இல்லாத விற்பனை செல்லாது. திருக்கோயிலைச் சுற்றி வளர்ந்த பெண்ணாடம் போன்ற ஊர்களில் கடை வாங்குவோர், கட்டடம் யாருடையது என்பதோடு அடிமனை யாருடையது என்றும் பார்க்க வேண்டும். விருத்தாசலத்தில் பீங்கான் தொழிற்பேட்டை இருப்பதை நாம் அறிவோம். பொதுவாகவே தொழிற்பேட்டைகளில் ஒதுக்கீடாகப் பெற்ற மனையைக் கைமாற்ற, ஒதுக்கிய நிறுவனத்தின் இசைவு வேண்டியிருக்கும். இந்து மைனரின் சொத்தைத் தாயோ தந்தையோ விற்பதானால் 1956ஆம் ஆண்டுச் சட்டப்படி நீதிமன்ற அனுமதி பெற வேண்டும்.

தாழ்த்தப்பட்ட மக்களுக்கு 1892 முதல் ஒப்படைக்கப்பட்ட பஞ்சமி நிலம் இவற்றினும் வேறானது. பத்தாண்டுகள் விற்கவே கூடாது, பிறகும் அம்மக்களுக்குள்ளேதான் விற்கலாம் என்பது அதன் நிபந்தனை. மீறி வாங்கினால் அரசு அந்த நிலத்தை மீட்டுக்கொள்ளலாம். இதில் பிறர் அச்சாரம் கொடுப்பது பணத்தை ஆற்றில் போடுவதுதான்.

உச்சநீதிமன்றம் சொன்னது

விற்கத் தடையே உள்ள நிலம் வேறு, அனுமதி பெற்று விற்கக்கூடிய நிலம் வேறு. இரண்டாவது வகையில் சட்டம் வாங்குபவரைக் கைவிடவில்லை.

டெல்லியில் அரசுக் குத்தகை நிலத்திலிருந்த ஒரு வீட்டை விற்க ஒப்புக்கொண்டவர், தலைமை ஆணையருக்கு அனுமதி கேட்டு மனுச் செய்துவிட்டு, பிறகு அந்த மனுவைத் தாமே திரும்பப் பெற்றார். வாங்க இருந்தவர் தாவா போட்டார். 1963இல் இதில் தீர்ப்பளித்த உச்சநீதிமன்றம், விற்பவர் ஒரு மாதத்துக்குள் அனுமதிக்கு மனுச் செய்ய வேண்டும் என்ற ஆணையை உறுதி செய்தது. அனுமதி மறுக்கப்படலாம் என்ற ஐயத்துக்காக இப்போதே வழக்கைத் தள்ள வேண்டியதில்லை என்பது அதன் கருத்து.

இரண்டாவது வழக்கு நம்மைப் போன்ற தொழில் செய்வோருக்கு இன்னும் நெருக்கமானது. மத்திய பாரதத்தில் நாதுலால் என்பவர் தம் பஞ்சரைக்கும் ஆலையையும் நிலத்தையும் பூல்சந்த் என்பவருக்கு 43,011 ரூபாய்க்கு விற்க 1951 பிப்ரவரியில் ஒப்புக்கொண்டார். 22,011 ரூபாய் பெற்றுக்கொண்டு ஆலையையும் ஒப்படைத்தார். மீதியை மே 7ஆம் தேதிக்குள் தர வேண்டும். அது வரவில்லை என்று சொல்லி உடன்படிக்கையை ரத்து செய்து, ஆலையைத் திரும்பக் கேட்டு நாதுலால் வழக்குப் போட்டார். ஆனால் விவசாயி அல்லாதவருக்கு அந்த நிலத்தை விற்க அரசின் அனுமதி வேண்டும். நாதுலால் அதைப் பெறவில்லை. 1969இல் உச்சநீதிமன்றம், அனுமதி வாங்கித் தரும் கடமை உடன்படிக்கையில் எழுதாவிட்டாலும் விற்பவரையே சாரும் என்றது. அவர் தம் கடமையைச் செய்யாதபோது வாங்குபவர் தவறியவர் ஆகமாட்டார். பணம் தயார் என்று காட்ட ரொக்கத்தைக் கோர்ட்டில் கொண்டுவந்து கொட்ட வேண்டியதில்லை என்றும் அத்தீர்ப்பு சொல்கிறது.

கவனிக்க வேண்டியவை

இதை நம்பி உடன்படிக்கையைப் பெட்டியில் வைத்துவிட்டு உறங்கக் கூடாது. மதுரையில் ஒரு வீட்டுக்கு 60,000 ரூபாய் விலை பேசி, 5,000 முன்பணம் கொடுத்து, ஆறு மாதம் கெடு வைத்தார்கள். வாங்குபவர் இரண்டரை ஆண்டு கழித்து வழக்குப் போட்டார். அதற்குள் விலை பன்மடங்கு ஏறியிருந்தது. 1997இல் உச்சநீதிமன்றம் அவருக்குக் கிரயம் செய்து தர மறுத்தது. 2018 அக்டோபரில் நடைமுறைக்கு வந்த சட்டத் திருத்தம் நீதிமன்றத்தின் விருப்புரிமையைக் குறைத்திருக்கிறது. என்றாலும் தாம் தயாராக இருந்ததை வாங்குபவர் நிரூபித்தே ஆக வேண்டும். ஆகவே வணிக அன்பர்கள் கீழ்க்கண்டவற்றை மனத்தில் கொள்ளவும்:

1. அனுமதிக்கு யார், எத்தனை நாளில் மனுச் செய்வது, செலவு யாருடையது என்பதை உடன்படிக்கையிலேயே எழுதுங்கள்.

2. அனுமதி மறுக்கப்பட்டால் முன்பணம் எத்தனை நாளில், என்ன வட்டியோடு திரும்ப வேண்டும் என்ற ஷரத்தையும் சேருங்கள்.

3. தமிழ்நாட்டில் 2012 டிசம்பர் முதல் கிரய உடன்படிக்கையைப் பதிவு செய்வது கட்டாயம். பதிவில்லாததையும் ஏற்றதை ஆற்றக் கோரும் வழக்கில் சான்றாகக் காட்டலாம் என்று உச்சநீதிமன்றம் 2023இல் சொன்னது உண்மை. ஆனால் உடன்படிக்கையை வைத்துக் கடையோ கிடங்கோ நடத்துபவருக்கு, 2001 முதல், பதிவு இல்லாமல் சுவாதீனப் பாதுகாப்பு கிடையாது.

4. விற்பவர் இழுத்தடித்தால் வக்கீல் மூலம் நோட்டீஸ் அனுப்புங்கள். குறித்த தேதியிலிருந்து, தேதி குறிக்காவிட்டால் விற்பவர் மறுத்தது தெரிந்த நாளிலிருந்து, மூன்று ஆண்டுக்குள் தாவா போட வேண்டும்.

5. மீதிப் பணம் கையில் இருந்ததற்கு வங்கிக் கணக்கு, கடன் ஒப்புதல் போன்ற ஆதாரங்களை வைத்திருங்கள். தாவாவில் கிரயம் கேட்பதோடு, அது முடியாவிட்டால் முன்பணத்தைத் திருப்பித் தரவும் கேளுங்கள். கேட்காததைக் கோர்ட்டு கொடுக்காது.

மூட்டைச் சரக்கை வாங்கும்போது குத்தூசி போட்டு மாதிரி பார்க்காமல் நாம் பணம் கொடுப்பதில்லை. வாழ்நாள் சேமிப்பைப் போட்டு வாங்கும் நிலத்துக்கு வில்லங்கச் சான்று, பட்டா, மூலப்பத்திரம், அனுமதி ஆகிய நான்கையும் பார்த்த பிறகே அச்சாரம் கொடுப்பது வணிகருக்கு அழகு.