ஒரே போர், மூன்று பெயர்கள்

1999 மே மாதம் கார்கில் முகடுகளில் மூண்ட போருக்கு இந்தியாவில் மூன்று பெயர்கள். தரைப்படைக்கு அது ‘ஆபரேஷன் விஜய்’. விமானப்படைக்கு ‘சஃபேத் சாகர்’. அரபிக்கடலில் கப்பல்களைத் திரட்டி நிறுத்திய கடற்படைக்கு ‘தல்வார்’. பெயர் மூன்றாக இருப்பதில் தவறொன்றும் இல்லை. ஆனால் முதல் சில வாரங்களைப் பார்த்தால் திட்டமும் ஒன்றாக இருக்கவில்லை என்பது புரியும். ஊடுருவியவர்கள் மலையுச்சிகளைப் பிடித்துவிட்டது தெரிந்ததும், மே இரண்டாம் வாரத்திலேயே தரைப்படை ஆயுதம் பூட்டிய ஹெலிகாப்டர்களைக் கேட்டது. அவ்வளவு உயரத்தில் ஹெலிகாப்டர் திணறும், தோளில் வைத்துச் சுடும் ஏவுகணைக்கு எளிதில் இரையாகும், தவிர விமானத் தாக்குதல் என்றால் அரசின் அனுமதி வேண்டும் என்றது விமானப்படை. அனுமதி கிடைத்தது மே 25. மறுநாள் தாக்குதல் தொடங்கியது. 27ஆம் தேதி இரண்டு போர் விமானங்களை இழந்தோம். 28ஆம் தேதி ஒரு மி-17 ஹெலிகாப்டர் ஏவுகணைக்கு வீழ்ந்தது; உள்ளே இருந்த நால்வரும் உயிரிழந்தனர். அதன்பிறகு ஹெலிகாப்டர்களைத் தாக்குதலிலிருந்து விலக்கினார்கள். மிராஜ் 2000 விமானங்கள் லேசர் வழிகாட்டும் குண்டுகளோடு உயரத்திலிருந்து தாக்கத் தொடங்கின. தரைப்படையின் அவசரம் நியாயமானது. விமானப்படையின் எச்சரிக்கையும் நியாயமானது. இரண்டு நியாயங்களையும் ஒரே மேசையில் வைத்துத் தீர்க்கும் பொறுப்பு போர்முனையில் யாருக்கும் இல்லை. கோளாறு அங்கேதான்.

மூன்று படைகளும் ஒரே நேரத்தில் சண்டையிட்டால் அது கூட்டு நடவடிக்கை ஆகிவிடாது. முதலில் எதை அடைந்தால் போர் முடியும் என்பதைத் தீர்மானித்து, அங்கிருந்து பின்னோக்கி வர வேண்டும்: எந்த நாளில் யார் முன்னணியில் நிற்பது, யார் துணை நிற்பது, முன்னணி எப்போது கைமாறுவது என்று. இதன் நுணுக்கம் சின்ன விஷயங்களில்தான் தெரியும். பீரங்கிக் குண்டு நேர்கோட்டில் போவதில்லை. வளைந்து மேலே ஏறி இறங்குகிறது. அதே வானத்தில், அதே மலைமுகட்டைக் குறிவைத்து நம் விமானமும் வருகிறது. பீரங்கி எத்தனை நிமிடம் வாய்மூட வேண்டும், விமானம் எந்தத் திசையில் நுழைந்து எந்தத் திசையில் வெளியேற வேண்டும், கீழே மறைந்திருக்கும் நம் வீரர்கள் தங்கள் இடத்தை எந்த அலைவரிசையில் சொல்ல வேண்டும், இருவர் கையிலும் இருப்பது ஒரே வரைபடமா என்பதெல்லாம் முன்கூட்டியே முடிவாகியிருக்க வேண்டும். குண்டு விழத் தொடங்கிய பிறகு தொலைபேசியில் பேசித் தீர்க்கும் சங்கதிகள் அல்ல இவை. தளபதிகள் எவ்வளவு நல்லவர்களாக, நண்பர்களாக இருந்தாலும், இந்த வேலையைச் செய்ய நிரந்தரமான ஓர் அமைப்பு வேண்டும். இந்தியா நடத்திய போர்கள் ஒவ்வொன்றும் இதைத்தான் சொல்கின்றன.

1962இல் இமயமலையில் தரைப்படை நிலைகுலைந்தபோது விமானப்படை பொருட்களையும் காயம்பட்டவர்களையும் சுமந்தது. போர் விமானங்களைத் தாக்குதலுக்கு அனுப்பவில்லை. பதிலுக்குச் சீனா நம் நகரங்கள்மீது குண்டு வீசும் என்ற அச்சம் தில்லியில் இருந்தது. 1965 செப்டம்பர் 1ஆம் தேதி சம்ப் பகுதிக்குள் பாகிஸ்தான் டாங்குகள் புகுந்தன. விமானப்படைக்கு அழைப்பு போனது அன்று மாலை. பொழுது சாயும் வேளையில் பழைய வாம்பயர் விமானங்கள் புறப்பட்டன, நான்கு திரும்பவில்லை. அந்தப் போரில் கடற்படைக்குக் கிடைத்த உத்தரவு, போர்பந்தருக்கு வடக்கே போகக் கூடாது என்பது. பாகிஸ்தான் கப்பல்களோ துவாரகைக் கரைக்கு வந்து குண்டு பொழிந்துவிட்டுப் போயின.

‘1971இல் ஜெயித்தோமே, அப்போது எந்த ஒருங்கிணைந்த கட்டளையகம் இருந்தது?’ என்று கேட்பவர்கள் உண்டு. நியாயமான கேள்வி. 13 நாளில் முடிந்து, சுமார் 93,000 பேர் சரணடைந்த போர் அது. ஆனால் அந்த வெற்றியை நெருங்கிப் பார்க்க வேண்டும். முதலாவது, அவகாசம் கிடைத்தது. ஏப்ரலிலேயே படையெடுக்கக் கேட்ட அரசிடம் அன்றைய தரைப்படைத் தளபதி மானெக்‌ஷா மறுத்துச் சொல்லி, மழைக்காலம் முடிந்து இமயக் கணவாய்களைப் பனி மூடும் வரை காத்திருக்க வைத்தார். அந்த மாதங்களில் மூன்று தலைமையகங்களும் சேர்ந்து உட்கார முடிந்தது. இரண்டாவது, 1965இன் பாடத்தை மறக்காத பி.சி. லால் விமானப்படைத் தளபதியாக இருந்தார். கிழக்கு விமானக் கட்டளையகம் ஷில்லாங்கில், கிழக்குத் தரைப்படைக் கட்டளையகம் கொல்கத்தாவில். இடையே உள்ள தூரம் ஆபத்து என்று கண்டு, கொல்கத்தாவின் வில்லியம் கோட்டையிலேயே விமானப்படைக்கு ஒரு முன்னணித் தலைமையகத்தை அமைத்தார். ஆசுகஞ்ச் பாலத்தை எதிரி தகர்த்தபோது, கிழக்கு முனையில் தரைப்படையை நடத்திய சகத் சிங்கின் வீரர்களை மி-4 ஹெலிகாப்டர்கள் தவணை தவணையாக மேக்னா ஆற்றைத் தாண்டிச் சுமந்தன. டிசம்பர் 11இல் டாங்கைலில் பாராசூட் படை இறங்கியது. விக்ராந்த் கப்பலின் விமானங்கள் சிட்டகாங், காக்ஸ் பஜார் துறைமுகங்களை முடக்கின. இவையெல்லாம் முன்கூட்டியே சேர்ந்து யோசித்ததன் பலன்.

அதே போரில், சேர்ந்து யோசிக்க நேரமில்லாத ஒரு நடவடிக்கையும் உண்டு. அதைப் பற்றி யாரும் அதிகம் பேசுவதில்லை. பாகிஸ்தான் வீரர்கள் பர்மாவுக்குத் தப்பிவிடாமல் தடுக்க, கடைசி நாட்களில் காக்ஸ் பஜாரில் கடல்வழியே படையிறக்கத் தீர்மானித்தார்கள். கடலில் இறங்கிப் பழகாத வீரர்கள் அவசரமாகக் கப்பலேற்றப்பட்டார்கள். கரையின் சரிவு எப்படி, மணல்திட்டு எங்கே, அதைத் தாண்டினால் ஆழம் எவ்வளவு என்று சரியாகத் தெரியவில்லை. கப்பல் திட்டில் தட்டி நின்றது. சுமையோடு இறங்கியவர்களுக்குத் தண்ணீர் தலைக்கு மேல் போனது. சிலர் மூழ்கி இறந்தார்கள். கரையில் எதிர்ப்பு என்று ஒன்றுமே இல்லை. எதிரி இல்லாத இடத்தில் நம் திட்டக்குறையே நம் வீரர்களைக் கொன்றது. ஆக, 1971 எனக்கு இரண்டு உண்மைகளைச் சொல்கிறது: எட்டு மாத அவகாசமும் பொருத்தமான மனிதர்களும் வாய்த்தால் அமைப்பு இல்லாமலும் ஜெயிக்கலாம்; அவகாசம் எட்டு நாளாகச் சுருங்கினால் அதே மனிதர்களாலும் முடியாது.

1987இல் இது இன்னும் கொடூரமாகத் தெரிந்தது. இலங்கைக்குப் போன அமைதிப்படைக்கு ஒட்டுமொத்தத் தளபதி என்று ஒருவரை நியமித்து, சென்னையில் தலைமையகமும் அமைத்தார்கள். பெயர் பெரியது; மற்ற இரு படைகளும் முழுமையாக அவருடைய கட்டளைக்குள் வரவில்லை. அக்டோபர் 11 நள்ளிரவை ஒட்டி யாழ்ப்பாணப் பல்கலைக்கழக வளாகத்தில் ஹெலிகாப்டர் மூலம் வீரர்களை இறக்கியபோது, விடுதலைப் புலிகள் வானொலிப் பேச்சை ஒட்டுக்கேட்டு ஆயத்தமாக இருந்தார்கள். முதலில் இறங்கியவர்களுக்குப் பின்னால் வரவேண்டியவர்களால் வர முடியவில்லை. தனித்துவிடப்பட்ட சீக்கிய இலகு காலாட்படையின் ஒரு பிரிவில், 30 பேரில் ஒருவர் மட்டுமே உயிரோடு பிடிபட்டார். அந்த மாதங்களில் யாழ்ப்பாணத்து மக்கள் பட்ட துயரத்தைத் திட்டக்குறை என்ற சொல்லுக்குள் அடைக்க முடியாது, அடைக்கவும் கூடாது. ஆனால் எதிரியையும் நிலத்தையும் மக்களையும் அறியாமல், அவசரமாகத் தைத்த கட்டளைமுறையோடு படை அனுப்பியதும் அந்தத் துயரத்தின் காரணங்களில் ஒன்று.

இது நமக்கு மட்டும் வந்த நோய் அல்ல. 1980 ஏப்ரலில் தெஹ்ரானில் பிணைக்கைதிகளாக இருந்தவர்களை மீட்க அமெரிக்கா புறப்பட்டது. கடற்படையின் ஹெலிகாப்டர்களை ஓட்டியவர்கள் மரைன் படையினர். சுமந்தது தரைப்படை வீரர்களை. எரிபொருள் கொண்டுவந்தது விமானப்படை. எல்லாரும் சேர்ந்து முழு ஒத்திகை ஒன்றுகூடப் பார்த்திருக்கவில்லை. பாலைவனத்தில் திட்டத்தைக் கைவிட்டுத் திரும்பும்போது ஹெலிகாப்டர் விமானத்தின்மீது மோதி 8 பேர் இறந்தார்கள். 1983 கிரெனடாவில் அமெரிக்கத் தரைப்படையும் கடற்படையும் வானொலியில் ஒன்றோடொன்று பேச முடியாமல் தவித்தன. 1986இல் கோல்ட்வாட்டர்–நிக்கல்ஸ் சட்டம் வந்தது. போர்முனைத் தளபதிக்கு எல்லாப் படைகள்மீதும் முழு அதிகாரம் தந்ததோடு, மற்ற படைகளோடு சேர்ந்து பணியாற்றாத அதிகாரிக்கு ஜெனரல், அட்மிரல் பதவி கிடையாது என்றும் சொன்னது. அப்படியும் ஒரே நாளில் மாறவில்லை. 1991 வளைகுடாப் போரில் அன்றன்றைய விமானத் தாக்குதல் உத்தரவு பல நூறு பக்கம். விமானந்தாங்கிக் கப்பல்களின் கணினிகளால் அதைப் பெற முடியவில்லை. அச்சிட்ட காகிதக் கட்டுகளை நாள்தோறும் விமானத்தில் ஏற்றிக் கப்பலுக்குக் கொண்டுபோனார்கள். ஆனால் உத்தரவு ஒன்றாக இருந்தது; அதனால் காகிதத்திலும் வேலை நடந்தது.

கார்கிலுக்குப் பிறகு, திருச்சியில் பிறந்த கே. சுப்ரமணியம் தலைமையிலான குழு குறைகளை வெளிப்படையாக எழுதியது. 2001இல் அமைச்சர்கள் குழு முப்படைத் தலைமைத் தளபதி பதவியைப் பரிந்துரைத்தது. அந்தமான் நிக்கோபாரில் முதல் முப்படைக் கட்டளையகம் பிறந்தது. தலைமைத் தளபதி பதவி அறிவிப்பாக 2019 ஆகஸ்ட் 15 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. இன்றும் தரைப்படைக்கு 7, விமானப்படைக்கு 7, கடற்படைக்கு 3 என 17 தனித்தனிக் கட்டளையகங்கள். 2016இல் தன் 7 ராணுவ மண்டலங்களை 5 போர்முனைக் கட்டளையகங்களாக மாற்றிய சீனா, நம் எல்லை முழுவதையும் செங்டுவிலிருந்து ஒரே தளபதியின் கீழ் கவனிக்கிறது. அதே எல்லையை நாம் பல கட்டளையகங்களுக்குப் பங்கு போட்டிருக்கிறோம்; ஒரே எல்லைப்பகுதியைப் பார்க்கும் தரைப்படைத் தலைமையகமும் விமானப்படைத் தலைமையகமும் ஒரே ஊரில்கூட இல்லை.

‘தியேட்டர் கமாண்ட்’ என்று செய்திகளில் அடிபடும் போர்முனைக் கட்டளையகங்களுக்கு எதிராக விமானப்படை வைக்கும் வாதம் கனமானது. அனுமதிக்கப்பட்ட போர் விமான அணிகள் 42. கையில் இருப்பது ஏறத்தாழ 30. காலையில் பஞ்சாபிலும் மாலையில் அசாமிலும் தேவைப்படும் விமானத்தை ஒரு தளபதியின் வேலிக்குள் கட்டிப்போடலாமா என்று கேட்கிறார்கள். கட்டிப்போடக் கூடாது என்பதே என் எண்ணமும். நாடு முழுவதற்குமான வான்காப்பு ஒரே வலையாக இருக்க வேண்டும். அணிகளில் ஒரு பகுதி தில்லியின் கையிருப்பாக இருக்க வேண்டும். ஆனால் விமானம் அரிதாக இருப்பது சேர்ந்து திட்டமிடாமல் இருக்கக் காரணம் ஆகாது. அரிதான பொருளுக்குத்தான் யாருக்கு எப்போது என்ற கணக்கு முன்னதாகவே வேண்டும். வளைகுடாப் போரில் போர்முனைத் தளபதி தரைப்படைக்காரர். வான்போரை நடத்தியவர் விமானப்படை அதிகாரியே. 2025 மே மாத மோதலில் புதுக் கட்டளையகம் இல்லாமலே படைகள் ஒத்திசைந்தனவே என்றும் சொல்கிறார்கள். விமானப்படையின் வான்காப்பு வலையையும் தரைப்படையின் ‘ஆகாஷ்தீர்’ அமைப்பையும் முன்பே இணைத்து வைத்திருந்ததால் அது முடிந்தது. நான்கு நாள் மோதலில் தாங்கிய ஏற்பாடு, இரண்டு எல்லைகளில் மாதக்கணக்கில் நீளும் போரிலும் தாங்கும் என்று நம்ப எனக்குத் துணிவில்லை.

நீலகிரி வெலிங்டனில் உள்ள ராணுவக் கல்லூரியில் மூன்று படைகளின் இளநிலை அதிகாரிகளும் ஒன்றாக அமர்ந்து படிக்கிறார்கள். படிப்பு முடிந்ததும் பெரும்பாலோர் தத்தம் படைக்குத் திரும்பிவிடுகிறார்கள். 2023இல் நிறைவேறி அடுத்த ஆண்டு மே மாதம் நடைமுறைக்கு வந்த சட்டம், முப்படை அமைப்பின் தலைவருக்குத் தன்கீழ் பணிபுரியும் பிற படையினர்மீதும் ஒழுங்கு நடவடிக்கை எடுக்கும் அதிகாரத்தைத் தந்திருக்கிறது. தண்டிக்கும் அதிகாரத்தைவிட முக்கியமான ஒன்று மீதமிருக்கிறது. புதிய கட்டளையகங்கள் அறிவிக்கப்படும் நாளில், தலைமையகம் எந்த ஊர், தளபதி எந்தப் படை என்றுதான் எல்லாரும் முதலில் பார்ப்பார்கள். நான் தேடப்போவது வேறு: அங்கே பணிபுரியும் ஒரு விமானப்படை அதிகாரியின் வருடாந்தர ரகசிய அறிக்கையை எழுதுவது யார், போர்முனைத் தளபதியா, தில்லியில் இருக்கும் அவருடைய சொந்தப் படைத் தலைமையகமா? அடுத்த பதவி உயர்வு யார் கையில் இருக்கிறதோ, அவருடைய வரைபடத்தைத்தான் அந்த அதிகாரி மேசையில் விரிப்பார்.