பதினெட்டுக் குடம்

தெருக்குழாயில் தண்ணீர் எத்தனை மணிக்கு வருகிறதோ, அதுதான் பல காலனிகளில் பொழுது விடியும் நேரம். ஐந்து மணிக்குத் தண்ணீர் விடுகிற ஊரில் நாலரைக்கே குடங்கள் வரிசை கட்டிவிடும். வாசல் தெளிப்பது, உலை வைப்பது, பிள்ளைகளைக் குளிப்பாட்டுவது எல்லாம் அதற்குப் பிறகுதான். மோட்டார் ரிப்பேர் என்றால் தண்ணீர் எட்டு மணிக்கு வரும். நடவுக்குப் போகிற அம்மாவை விட்டுவிட்டு வண்டி கிளம்பிவிடும். அன்றைய கூலி போய்விடும்.

2019-ல் அறிவிக்கப்பட்ட ஜல் ஜீவன் திட்டத்தின் கணக்குப்படி, கிராமத்தில் ஆளுக்கு நாளொன்றுக்கு 55 லிட்டர் தண்ணீர் வேண்டும். ஐந்து பேர் உள்ள வீட்டுக்கு 275 லிட்டர். பிளாஸ்டிக் குடம் ஒன்றுக்கு 15 லிட்டர் பிடிக்கும் என்று வைத்தால், பதினெட்டுக் குடம். வாசலிலேயே குழாய் இருந்து தண்ணீரும் வேகமாக வந்தால் இது பெரிய வேலை இல்லை. தெருமுனையில் பிடித்து வருவதானால் பதினெட்டு நடை. நடைக்கு ஐந்து நிமிடம் என்றாலும் ஒன்றரை மணி நேரம், ஒவ்வொரு முறையும் இடுப்பில் 15 கிலோ.

மேல்நிலைத் தொட்டி ஊர்த்தெருவிலும் காலனி குழாயின் கடைக்கோடியிலும் இருந்தால், வரும் தண்ணீர் நூலாகத்தான் ஒழுகும். நடுவில் யாராவது மோட்டார் வைத்து உறிஞ்சினால் வெறும் காற்றுதான் வரும். நாலு குடம் குறைந்தால் அன்று துணி துவைப்பது நின்றுவிடும், குளியல் சுருங்கும். கசங்கிய சீருடையோடு வரும் பிள்ளையைப் பார்த்து ‘சுத்தமில்லை’ என்று சொல்பவர்கள், கடைசிக் குழாயில் எவ்வளவு தண்ணீர் வந்தது என்று கேட்பதில்லை.

நூறாண்டு வழக்கு

பொதுக் கிணறும் சாலையும் எல்லோருக்கும் உரியவை என்று 1924-லேயே சென்னை சட்டமன்றத்தில் தீர்மானம் கொண்டுவந்தவர் இரட்டைமலை சீனிவாசன். 1927 மார்ச் 20-ல் மகாத் நகரின் சவுதார் குளத்தில் இறங்கித் தண்ணீர் அள்ளிக் குடித்தார் அம்பேத்கர். பொதுக் கிணறு, குளங்களைப் பயன்படுத்துவதில் சாதி பார்க்கக் கூடாது என்கிறது அரசியல் சட்டத்தின் 15-வது பிரிவு. பொதுக் குழாயில் தண்ணீர் பிடிக்கவிடாமல் சாதியைச் சொல்லித் தடுப்பது வன்கொடுமைத் தடுப்புச் சட்டப்படி குற்றம். உதவிக்கு 14566 என்ற எண்ணை அழைக்கலாம்.

வீட்டுக்குள்ளும் ஒரு வரிசை

வெளியே சமத்துவம் கேட்கும் நாம் வீட்டுக்குள் பார்க்க வேண்டியதும் உண்டு. 2019-ல் மத்திய அரசு எடுத்த நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பின்படி, வீட்டு வேலை செய்யும் பெண்கள் அதற்காக நாளொன்றுக்குச் சராசரியாக 299 நிமிடம் செலவிடுகிறார்கள். ஆண்கள் 97 நிமிடம். பத்தாம் வகுப்புப் படிக்கும் மகளிடம் குடத்தைக் கொடுத்துவிட்டு மகனைத் தூங்கவிடும் வீட்டில், மகளின் ஒன்றரை மணி நேரப் படிப்பு தினமும் கரைகிறது. அதே வீட்டு டிவிஎஸ் 50-ல் அப்பாவோ அண்ணனோ நான்கு குடம் கட்டி வந்தால், பதினெட்டு நடை ஐந்தாகக் குறையும்.

மாணவர்கள் ஒரு வாரம் நோட்டில் எழுதிப் பாருங்கள்: தண்ணீர் எத்தனை மணிக்கு வந்தது, எவ்வளவு நேரம் வந்தது, எத்தனை குடம் கிடைத்தது, யார் சுமந்தார்கள். உலகத் தண்ணீர் தினமான மார்ச் 22 நம் மாநிலத்தில் கிராமசபை கூடும் நாள். மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1, ஜனவரி 26 ஆகிய நாட்களிலும் கூடுகிறது. அந்த நோட்டை அம்மாவிடம் கொடுத்து அங்கே வாசிக்கச் சொல்லுங்கள். தீர்மானமாகப் பதிவு செய்யக் கேளுங்கள். ‘தண்ணீர் வரவில்லை’ என்றால் ‘பார்க்கிறோம்’ என்று சொல்லி அனுப்பிவிடலாம். ஏழு நாள் கணக்கை நீட்டினால் அப்படி அனுப்புவது கடினம்.