சொந்த ஏவுகணையே வீழ்த்திய ஹெலிகாப்டர்... பட்காமில் அன்று நடந்தது என்ன?

பல்லடத்திலிருந்து கோவைக்கு பஸ் ஏறினால், வழியிலேயே வந்துவிடும் சூலூர் விமானப்படைத் தளம். தேஜஸ் விமானங்களின் இரைச்சல் இந்தப் பகுதி மக்களுக்குப் பழகிப்போன ஒன்று. அண்ணாந்து பார்க்கும் குழந்தைக்குக்கூட அது நம்ம விமானம் என்று தெரியும். ஆனால், போர்ப் பதற்றத்தில் ரேடார் முன் அமர்ந்திருப்பவருக்குத் தெரிவது திரையில் நகரும் ஒரு புள்ளி மட்டும்தான்!

2019 பிப்ரவரி 27. பாலகோட் தாக்குதலுக்கு மறுநாள். பாகிஸ்தான் விமானங்கள் காஷ்மீர் எல்லையில் பதிலடியில் இறங்கியிருந்தன. அதே காலையில் ஸ்ரீநகரிலிருந்து கிளம்பிய எம்.ஐ-17 வி5 ஹெலிகாப்டர், சுமார் 10 நிமிடங்களில் பட்காமில் விழுந்து நொறுங்கியது. விமானப்படையினர் 6 பேரும், கிராமவாசி ஒருவரும் உயிரிழந்தனர்.

அன்று தமிழகமே விங் கமாண்டர் அபிநந்தனை நினைத்துக் கவலையில் இருந்தது. பட்காம் சம்பவம் முதலில் விபத்தாகவே பேசப்பட்டது. 7 மாதங்கள் கழித்து, அக்டோபர் 4-ம் தேதி, ஹெலிகாப்டரை வீழ்த்தியது நம் ஏவுகணைதான், அது பெரிய தவறு என்று விமானப்படைத் தளபதி பதௌரியா ஒப்புக்கொண்டார்.

எப்படி நடக்கிறது?

இருட்டில் ஆள் வந்தால் "யாரது?" என்று கேட்போம். "நான்தாங்க" என்று குரல் வந்தால் நிம்மதி. ராணுவத்தில் இந்த வேலையைச் செய்வது ஐ.எஃப்.எஃப் கருவி. தரையிலிருந்து ரகசியக் குறியீட்டில் கேள்வி போகும். விமானத்திலிருக்கும் கருவி தானாகவே பதில் அனுப்பும். சிக்கல் என்னவென்றால், பதில் வந்தால் 'நம்மவர்' என்று சொல்லிவிடலாம். வராவிட்டால் 'எதிரி' என்று உறுதியாகச் சொல்ல முடியாது. கருவி பழுதாகியிருக்கலாம், அணைக்கப்பட்டிருக்கலாம். பட்காம் ஹெலிகாப்டரில் அது அணைந்திருந்ததாகச் செய்திகள் வெளியாகின.

வல்லரசும் தப்பவில்லை

1994-ல் வடக்கு ஈராக்கில் அமெரிக்காவின் எஃப்-15 விமானங்கள் தங்கள் நாட்டின் 2 பிளாக் ஹாக் ஹெலிகாப்டர்களையே சுட்டதில் 26 பேர் இறந்தனர். 2003 ஈராக் போரில் பிரிட்டனின் டொர்னேடோ விமானத்தை எதிரி ஏவுகணை என்று நினைத்து, நட்பு நாடான அமெரிக்காவின் பேட்ரியாட் வீழ்த்தியது. விமானிகள் இருவரும் பலி. 2024 டிசம்பரில் செங்கடலில் அமெரிக்கப் போர்க்கப்பல் தன் நாட்டு எஃப்/ஏ-18 விமானத்தையே சுட்டது. நல்லவேளையாக, அதிலிருந்த இருவரும் குதித்துத் தப்பினர்.

பட்காம் வழக்கில், ஸ்ரீநகர் தளத்தின் மூத்த அதிகாரி ஒருவரைப் பணிநீக்கம் செய்ய 2023-ல் ராணுவ நீதிமன்றம் பரிந்துரைத்தது. எல்லைக்கு அப்பாலிருந்து வந்த எந்தக் குண்டுக்கும் பலியாகாத அந்த 7 பேரின் குடும்பங்களுக்கு, இழப்பு இழப்புதான்.