அம்மா, ஒரு சேதி!

தேனி மாவட்டம் ராயப்பன்பட்டியில் இன்று காமிராவுக்குப் பஞ்சம் இல்லை. செல்போனே காமிரா! மாதா கோவில் திருவிழாவா? பிடி படம். காதுகுத்தா? பிடி படம். பந்தலில் திராட்சை தொங்குகிறதா? அதையும் பிடி!

ஆனால், நம் வீட்டுப் பிள்ளையின் மனதில் இருப்பதை எந்தக் காமிரா பிடிக்கும்?

பிடித்துக் காட்டினார்கள் இரண்டு பேர். இருவருக்கும் சொந்த வீடு டெல்லியில். கதை இல்லை, பாட்டு இல்லை, வேஷம் இல்லை. தங்கள் சொந்த வாழ்க்கையையே படமாக எடுத்தார்கள். இதற்கு ஆவணப் படம் என்று பெயர்.

என்ன சேதி?

ஆணை விரும்பும் ஆண் உண்டு. பெண்ணை விரும்பும் பெண்ணும் உண்டு. இது நோய் அல்ல. உலக சுகாதார நிறுவனம் 1990-ம் ஆண்டிலேயே இதை நோய்ப் பட்டியலில் இருந்து நீக்கிவிட்டது. ஆனாலும், பெற்ற தாயிடம் சொல்ல நா எழுவதில்லை.

சொன்ன மகன்

நிஷித் சரண், அமெரிக்காவில் ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் படித்தவர். பட்டமளிப்பு விழாவுக்கு அம்மா போயிருந்தார். காமிரா ஓடியது. தான் ஆண்களை விரும்புகிறவன் என்று மகன் சொல்லிவிட்டார்! அந்த நிமிஷம் 'சம்மர் இன் மை வெய்ன்ஸ்' என்ற படத்தில் இருக்கிறது. ஆண்டு 1999.

2002-ல் நிஷித் விபத்தில் இறந்தார். தாய் மின்னா சரண் ஓய்ந்துவிடவில்லை. இத்தகைய உறவைக் குற்றமாக்கிய 377-வது பிரிவு பற்றி சுப்ரீம் கோர்ட்டில் வழக்கு நடந்தபோது, மற்ற பெற்றோர்களுடன் சேர்ந்து பிள்ளைகள் பக்கம் நின்றார். 2013-ல் தோல்வி. 2018 செப்டம்பர் 6-ந் தேதி, வேறொரு வழக்கில், அது குற்றம் அல்ல என்று அதே கோர்ட்டு தீர்ப்பளித்தது.

சொல்லாத மகள்

சோனாலி குலாட்டி, பெண்ணை விரும்பும் பெண். அம்மாவிடம் அவர் சொல்லவே இல்லை. அம்மா காலமானார். 11 ஆண்டுகள் கழித்து டெல்லி வீட்டைத் திறந்தார் மகள். வீடு இருந்தது. கேட்க அம்மா இல்லை!

மற்றவர்களின் தாய் தந்தையரைத் தேடிப் போய்ப் பேசினார். அதுவே 2011-ல் வந்த 'ஐ ஆம்' படம்.

நீதிபதி கேட்டார்

டெல்லிக் கதைதானே என்று நினைக்காதீர்கள். மதுரையைச் சேர்ந்த இரண்டு பெண்கள் ஒருவரை ஒருவர் விரும்பினார்கள். பெற்றோர் எதிர்த்தார்கள். சென்னைக்குப் போய், ஐகோர்ட்டில் பாதுகாப்புக் கேட்டார்கள். நீதிபதி ஆனந்த் வெங்கடேஷ், இதுபற்றித் தமக்கே சரியாகத் தெரியாது என்று ஒப்புக்கொண்டார். மனநல நிபுணரிடம் கேட்டுத் தெரிந்துகொண்டார். 2021 ஜூன் 7-ந் தேதி அவர்களுக்குப் பாதுகாப்பாக உத்தரவு போட்டார். இவர்களை 'மாற்றுகிறேன்' என்று வைத்தியம் செய்வதற்கும் தடை விதித்தார்.

நீதிபதியே கேட்டுத் தெரிந்துகொண்டார். பெற்றவர்களுக்கு என்ன வெட்கம்?

ஒரு நாள் உங்கள் பிள்ளை அடுப்படியில் வந்து நின்று, "அம்மா, ஒண்ணு சொல்லணும்" என்று தயங்கலாம். அடுப்பை அணைத்துவிட்டு உட்காருங்கள். முழுதும் கேளுங்கள்!