மகாலியா ஜாக்சன்

அமெரிக்காவின் நியூ ஆர்லியன்ஸ் நகரில் 1911-இல் பிறந்தவர் மகாலியா ஜாக்சன். சிறுவயதிலேயே தாயை இழந்தார். பதின்வயதில் சிகாகோ வந்து, துணி துவைத்தும் வீட்டுவேலை பார்த்தும் பிழைத்தபடியே தேவாலயங்களில் பாடினார். 1948-இல் வெளியான அவரது நற்செய்திப் பாடல் இசைத்தட்டு பத்து லட்சத்துக்கு மேல் விற்றது. ஆனாலும் இரவு விடுதிகளில் பாட அவர் கடைசிவரை சம்மதிக்கவில்லை. எத்தனை உறுதி!

1963, கறுப்பின மக்களின் உரிமைக்கான வாஷிங்டன் பேரணி. மார்ட்டின் லூதர் கிங் பேசுவதற்குச் சற்று முன் பாடியவர் இவர். உரையின் நடுவே, கிங்கை நோக்கி, அவரது கனவைப் பற்றிச் சொல்லும்படி குரல் கொடுத்தவரும் இவரே என்று உடனிருந்தோர் நினைவுகூர்ந்திருக்கிறார்கள். ஐந்தாண்டுகளில் கிங்கின் இறுதிச்சடங்கிலும் அதே குரல் பாடியது.

1971-இல் இந்தியா வந்தவர், நம் மதராசிலும் பாடினார். மறு ஆண்டு ஜனவரியில் அறுபதாவது வயதில் காலமானார்.